ஆறுதல் சொல்லாத துறவி

கேள்வி: என் தம்பி இறந்து சில மாதங்கள்தான் ஆகின்றன. தோழி ஒருத்தி ரஷ்ய எழுத்தாளர் தஸ்தயெவ்ஸ்கியின் ‘கரமசோவ் சகோதரர்கள்’ நாவலைக் கொடுத்தாள். தகப்பன் கொலை, அண்ணன் தம்பிப் பகை என்று ஒரே இருட்டு. இந்த நேரத்தில் படிக்கத்தான் வேண்டுமா?

பதில்: கட்டாயமே இல்லை, அம்மா. ஆனால் மூடி வைப்பதற்கு முன், தொடக்கத்தில் மடாலயத்து வாசலில் கிராமத்துப் பெண்கள் கூடியிருக்கும் அத்தியாயத்தை மட்டும் படித்துப் பாருங்கள். மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் வருகிறாள். மூன்று வயது நிறைய மூன்று மாதம் இருந்தது என்கிறாள். அந்தச் சின்னக் காலடிச் சத்தத்தை இன்னொரு தடவை கேட்டால் போதும் என்கிறாள். அவன் கட்டியிருந்த இடைவாரை எடுத்துக் காட்டி அழுகிறாள். துறவி சொசிமா முதலில் எல்லோரும் சொல்வதைத்தான் சொல்கிறார்: பிள்ளை கடவுளிடம் இருக்கிறான். அதைத்தான் என் வீட்டுக்காரரும் சொன்னார் என்கிறாள். அதற்குப் பிறகு அவர், ஆறுதல் அடைய வேண்டாம், அழு என்கிறார்.

தஸ்தயெவ்ஸ்கியின் மகன் அல்யோஷா 1878 மே மாதம் வலிப்பு வந்து இறந்தான். அவனுக்கும் மூன்று வயது நிறையவில்லை. அப்பாவுக்கும் அதே நோய் உண்டு. தன்னிடமிருந்து போன நோய் பிள்ளையைக் கொண்டுபோய்விட்டதே என்று நொறுங்கிப்போனார். அடுத்த மாதம் ஒப்தினா மடாலயத்துக்குப் போய் மூத்த துறவி அம்புரோசியைப் பார்த்தார். மனைவி அன்னாவிடம் சொல்லும்படி துறவி சொன்ன வார்த்தைகள்தான் சொசிமாவின் வாயில் வருகின்றன என்று அன்னாவே தன் நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார். மகனின் பெயரை நாவலின் இளைய சகோதரனுக்கு வைத்தார். தன் நோயை அந்த வீட்டுச் சமையற்காரனுக்குக் கொடுத்தார். அந்த வலிப்பு வரும் இடங்களில் எனக்குக் கதை மறந்து, எழுதிக்கொண்டிருக்கும் தகப்பன்தான் தெரிகிறார்.

இப்போதைக்கு அந்த ஒரு அத்தியாயம் போதும் என்று தோன்றினால் அதோடு நிறுத்துங்கள். கொலையும் விசாரணையும் காத்திருக்கட்டும்.

கேள்வி: கொன்றது யார் என்று சொல்ல ஏன் இத்தனை பக்கங்கள்?

பதில்: தகப்பன் சாகட்டும் என்று மனசுக்குள் யார் யார் நினைத்தார்கள் என்பதுதான் தஸ்தயெவ்ஸ்கியின் விசாரணை. அதற்கு இத்தனை பக்கம் வேண்டும்.

1850 முதல் 1854 வரை அவர் ஓம்ஸ்க் சிறையில் கைதியாக இருந்தார். தகப்பனைக் கொன்றதாகத் தண்டனை பெற்ற முன்னாள் ராணுவ அதிகாரி இலின்ஸ்கியும் அங்கே இருந்தார். சிறை அனுபவத்தை எழுதியபோது அவரைப் பற்றியும் எழுதினார். அந்த நூல் முடிவதற்குள்ளேயே, அவர் நிரபராதி, பத்து வருடம் வீணாகத் தண்டனை அனுபவித்தார் என்ற செய்தி வந்துவிட்டது. அதையும் அதிலேயே சேர்த்தார். கரமசோவ்களில் மூத்த சகோதரன் த்மீத்ரி இந்த இலின்ஸ்கியிடமிருந்து பிறந்தவன். ஆனால் த்மீத்ரி தன்னை நிரபராதி என்று மட்டும் சொல்லி நிறுத்தவில்லை. கொல்லவில்லை, ஆனால் கொல்ல நினைத்தேன், அதற்காகத் தண்டனையை ஏற்கிறேன் என்கிறான். எத்தனை தடவை படித்தாலும் அந்த இடத்தில் நான் நின்றுவிடுகிறேன்.

கேள்வி: தஸ்தயெவ்ஸ்கியை இதுவரை படித்ததில்லை. எதில் தொடங்கலாம்?

பதில்: 1866இல் வெளிவந்த ‘குற்றமும் தண்டனையும்’. எம்.ஏ.சுசீலாவின் தமிழாக்கம் இருக்கிறது. ஆறு பாகங்களில் முதல் பாகத்திலேயே கொலை நடந்து முடிந்துவிடுகிறது. அப்புறம் கொன்றவன் தன் வீட்டு மனிதர்களை எப்படி எதிர்கொள்கிறான் என்று பாருங்கள். நெடுநாள் கழித்து அம்மாவும் தங்கையும் ஓடிவந்து கட்டிக்கொள்ளும்போது திரும்ப அணைக்க அவனுக்குக் கை எழவில்லை, மயங்கி விழுகிறான். முதல் பாகத்தில் வரும் அம்மாவின் நீண்ட கடிதத்தை மட்டும் தாண்டிப் போய்விடாதீர்கள். அண்ணனுக்காகத் தங்கை எப்படிப்பட்ட கல்யாணத்துக்குச் சம்மதித்திருக்கிறாள் என்பது அதில்தான் தெரிகிறது.