கேம்பிரிட்ஜில் படித்த பெண்களுக்கு 1948 வரை பட்டமே கொடுக்கவில்லையாமே, உண்மையா?

உண்மைதான். பெண்களுக்கான கிர்ட்டன் கல்லூரி 1869-லேயே தொடங்கிவிட்டது, அப்புறம் நியூன்ஹாம் வந்தது, 1881-ல் ஆண்கள் எழுதும் அதே தேர்வை எழுதவும் முறைப்படி அனுமதி கிடைத்தது, ஆனால் பட்டம் மட்டும் கிடையாது.

சரி, பெண்களுக்குத் திறமை போதாது என்று நினைத்தார்களோ? அதுவும் இல்லை. 1890-ல் நியூன்ஹாம் மாணவி பிலிப்பா ஃபாசெட் கணிதத் தேர்வில் எல்லா ஆண்களையும் முந்தினார். முதலிடத்துக்கு 'சீனியர் ராங்லர்' என்று ஒரு பட்டப்பெயர் உண்டு, பெண்ணுக்கு அதைத் தர முடியாதே, அதனால் 'சீனியர் ராங்லருக்கு மேல்' என்று வாசித்தார்கள்! முதலிடத்துக்கும் மேலே என்ன இடம் இருக்கிறதோ!

பட்டம் கொடுக்கலாமா என்று 1897-ல் வாக்கெடுப்பு வைத்தபோது, சைக்கிள் ஓட்டும் பெண்ணின் உருவபொம்மையைப் பல்கலைக்கழகத்தின் செனட் ஹவுஸ் கட்டடத்துக்கு எதிரே தொங்கவிட்டார்கள் மாணவர்கள். தீர்மானம் படுதோல்வி. 1920-ல் ஆக்ஸ்ஃபோர்டு இறங்கி வந்த பிறகும், 1921-ல் கேம்பிரிட்ஜ் மறுபடி மறுத்தது. ஜெயித்த மகிழ்ச்சியில் ஆண் மாணவர் கூட்டம் ஒன்று கைவண்டியால் மோதி நியூன்ஹாமின் வாயிற்கதவைச் சேதப்படுத்தியது. அதன்பின் பெயருக்கு ஒரு பட்டம் தந்தார்கள், பல்கலைக்கழக நிர்வாகத்தில் ஓட்டு கிடையாது. என்னைக் கேட்டால் பிரச்சினையே அந்த ஓட்டுதான். முழுப் பட்டம் 1948-ல்தான்.