இணையத்தில் சொலிடேர் விளையாட நல்ல தளத்தை எப்படித் தெரிவு செய்வது?

ஓய்வுபெற்ற தந்தைக்காக இணையத்தில் சொலிடேர் விளையாடத் தளம் தேடுவதாகவும், தேடினால் நூற்றுக்கணக்கில் வருவதால் எதை நம்புவதென்று தெரியவில்லை என்றும் எழுதியிருக்கிறீர்கள். இதே வேலையை நான் களுவாஞ்சிகுடியில் இருக்கும் என் பெரியப்பாவுக்காகச் செய்து, முதல் தடவை நன்றாகவே பிழை விட்டவன் என்பதால், அந்தப் பிழையிலிருந்தே தொடங்குகிறேன்.

பெரியப்பா தபால் திணைக்களத்தில் வேலை பார்த்தவர். விறாந்தையில் பாய் விரித்து அவரோடு முன்னூற்றிநாலு என்ற கடதாசி ஆட்டம் விளையாடிய மூவரில் ஒருவர் காலமாகிவிட, இன்னொருவர் பிள்ளைகளோடு கனடாவுக்குப் போய்விட, நால்வர் ஆட்டம் அத்தோடு நின்றது. தனியே ஆடும் ஆட்டத்துக்கு அவர் வந்தது அப்படித்தான். (சீட்டு என்றால் எங்கள் பக்கத்தில் பெண்கள் மாதாமாதம் கட்டும் சீட்டுத்தான் நினைவுக்கு வரும் என்பதால், இங்கே கடதாசி என்றே எழுதுகிறேன்.) ஆரம்பத்தில் உண்மையான கடதாசிக் கட்டோடுதான் ஆடினார். கச்சான் காற்று வீசும் மாதங்களில் ஏழு நிரல்களாகப் பரப்பிய கடதாசிகள் முற்றத்துக்குப் பறந்ததைப் பார்த்த பிறகுதான், வீட்டில் சும்மா கிடந்த டெப்லட்டில் இந்த ஆட்டத்தைக் காட்டிக் கொடுத்தேன்.

அப்போது தேடலில் முதலில் வந்த தளத்தைத் திறந்தேன். பச்சைத் துணி விரித்த மேசை, பளபளக்கும் கடதாசிகள், எல்லாம் அழகாக இருந்தன. திறந்தவுடன் ‘அறிவிப்புகளை அனுமதிக்கவா’ என்று ஒரு பெட்டி வந்ததையும், அவசரத்தில் நான் ‘அனுமதி’ என்பதை அழுத்தியதையும் அன்று பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மறுநாளிலிருந்து ஆட்டத்தை மூடி வைத்திருந்த நேரத்திலும் டெப்லட் மணியடித்து, ‘உங்கள் கருவியில் வைரஸ் இருக்கிறது, உடனே சுத்தம் செய்யுங்கள்’ என்று சிவப்பு எழுத்தில் காட்டத் தொடங்கியது. ‘மறுகா இதால என்ட பென்சன் காசு போயிருமா மனே?’ என்று கேட்டுவிட்டு, டெப்லட்டை நிறுத்தி அலுமாரிக்குள் வைத்துப் பூட்டிவிட்டார். வைரஸ் எதுவும் இருக்கவில்லை. அது அறிவிப்பு என்ற பெயரில் வந்த விளம்பரம். உலாவியின் அமைப்புகளில் தள அனுமதிகள் என்ற பகுதிக்குப் போய் அந்தத் தளத்தின் அறிவிப்பு அனுமதியை நீக்கியதும் நின்றுவிட்டது. ஆனால் அவரது பயத்தை நீக்க இரண்டு வாரங்கள் எடுத்தன. கடதாசி விளையாட்டுக்கு அறிவிப்பு அனுப்ப வேண்டிய தேவையே கிடையாது. இருப்பிடம், தொடர்பு இலக்கங்கள், கமெரா ஆகியவற்றுக்கும் இதே கதைதான். இவற்றில் எதைக் கேட்டாலும் மறுத்துவிட்டு, மறுத்த பிறகும் விளையாட விடாத தளமாக இருந்தால் மூடிவிடுங்கள். அதேபோல ‘ஃபிளாஷ் நிறுவுங்கள்’ (முன்பு உலாவிக்குள் விளையாட்டுகளை இயக்கிய மென்பொருள் அது) என்று எந்தத் தளமாவது இன்னும் கேட்டால் அது பழைய தளமாகவோ பொறியாகவோதான் இருக்கும்; அடோபி நிறுவனம் ஃபிளாஷ் பிளேயருக்கான ஆதரவை 2020 டிசம்பர் 31 உடன் முடித்துவிட்டது.

இனி நான் முக்கியமென்று நினைக்கும் விடயத்துக்கு வருகிறேன். பெரும்பாலானோர் தளத்தைத் தோற்றத்தை வைத்துத் தெரிவு செய்கிறார்கள். நானோ அந்தத் தளம் கடதாசியை எப்படிக் கலைத்துப் போடுகிறது, அதை ஆடுபவருக்குச் சொல்கிறதா என்பதையே முதலில் பார்ப்பேன். காரணம் இதுதான்: இரண்டாவதாக நான் வைத்துக்கொடுத்த தளத்தில் விளம்பரத் தொல்லை குறைவாக இருந்தும், பெரியப்பா தொடர்ந்து தோற்றுக்கொண்டிருந்தார். தோற்பது அவருக்குப் பெரிதல்ல. மூளை மங்கத் தொடங்கிவிட்டதென்று அவர் தனக்குள் முடிவு கட்டியதுதான் எனக்குக் கவலையாக இருந்தது.

சொலிடேர் என்று பொதுவாகச் சொல்லப்படும் குளோண்டைக் ஆட்டத்தில் 52 கடதாசிகளில் 28 ஏழு நிரல்களில் போடப்படுகின்றன, மிச்சம் 24 கட்டாக இருக்கும். நிரல்களில் போடப்பட்டவற்றிலும் 21 கவிழ்ந்தே கிடக்கும். கவிழ்ந்து கிடப்பவை எவையென்று முன்கூட்டியே தெரியும் என வைத்துக்கொண்டு கணினிகளை ஆடவிட்டுப் பார்த்ததில், கட்டை மூன்று மூன்று கடதாசியாகத் திருப்பும் முறையில் நூற்றுக்குச் சுமார் 82 ஆட்டங்களே வெல்லக்கூடியவை என்று ஆய்வாளர்கள் கண்டிருக்கிறார்கள். அதாவது கடவுளே வந்து ஆடினாலும் நூற்றில் பதினெட்டு ஆட்டங்கள் தோல்விதான். கவிழ்ந்ததைப் பார்க்க முடியாத நாம் வெல்வது அதைவிட வெகு குறைவு. இதைப் பெரியப்பாவிடம் விளக்கியபோது, கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, ‘அப்ப கடதாசியிலதான் பிழை’ என்றார். அன்றிலிருந்து முகம் தெளிந்தது.

ஆகவே, ஒரு தளத்தில் ‘வெல்லக்கூடிய ஆட்டங்கள் மட்டும்’ என்ற தெரிவும், ‘எழுந்தமானமாகக் கலைத்தது’ என்ற தெரிவும் தனித்தனியாக இருந்தால் அது நேர்மையான தளம் என்பது என் கணிப்பு. எந்த வகை ஆட்டம் தன் முன் இருக்கிறது என்று தெரிந்தால்தான், எப்போது விடாமல் யோசிக்க வேண்டும், எப்போது கைவிட்டுப் புதிது போட வேண்டும் என்று ஒருவர் தீர்மானிக்க முடியும். இதோடு ஒவ்வோர் ஆட்டத்துக்கும் ஓர் எண் கொடுக்கும் தளம் இன்னும் மேல். எண் இருந்தால் அதே ஆட்டத்தை நாளை திரும்ப ஆடலாம். கொழும்பில் இருக்கும் பேரப்பிள்ளைக்குத் தொலைபேசியில் அந்த எண்ணைச் சொல்லி அவனையும் ஆடச்செய்து, யார் குறைந்த நகர்வில் முடித்தார் என்று பார்க்கலாம். எங்கள் வீட்டில் இதுதான் நடக்கிறது.

எண் என்றதும் ஃபிரீசெல் என்ற இன்னொரு சொலிடேர் வகையைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. 1978 இல் போல் அல்ஃபில் என்பவர் பிளேட்டோ என்ற கணினிக் கட்டமைப்புக்காக எழுதிய இந்த ஆட்டத்தை, பின்னர் ஜிம் ஹோர்ன் மைக்ரோசொஃப்ட்டுக்காக எழுதி, 32,000 ஆட்டங்களுக்கு எண் கொடுத்தார். இதில் எல்லாக் கடதாசிகளும் திறந்தே கிடக்கும். எனவே அதிர்ஷ்டத்துக்கு இடம் மிகக் குறைவு. தொண்ணூறுகளின் நடுவில் இணையத்தில் ஆர்வலர்கள் ஒன்றுசேர்ந்து இந்த 32,000 ஆட்டங்களையும் பங்குபோட்டு ஆடிப் பார்த்ததில், யாராலும் முடிக்க முடியாமல் எஞ்சியது ஒன்றே ஒன்று: 11982 ஆம் எண் ஆட்டம். அது தீர்வில்லாதது என்பதைப் பின்னர் கணினி நிரல்களும் உறுதிப்படுத்தின. பல தளங்கள் இன்றும் அதே எண்முறையைப் பின்பற்றுவதால், இதைக் கொண்டு ஒரு சின்னச் சோதனை செய்யலாம்: எண்ணைத் தட்டும் வசதி இருக்கிறதா என்று பார்த்து 11982 ஐப் போடுங்கள். அது தீர்வற்றது என்று தளமே எச்சரித்தால், அதைச் செய்தவர் விடயம் தெரிந்தவர். பெரியப்பாவிடம் இதைச் சொன்னது என் தவறு. தபாலகத்தில் முகவரி தெளிவில்லாத கடிதத்தையும் வீடு தேடிச் சேர்த்த மனிதர், மூன்று நாட்கள் அந்த ஒரே ஆட்டத்தோடு மல்லுக்கட்டினார். தோற்கும் பயத்தால் ஆட்டத்தையே வெறுத்துவிடக்கூடிய ஒருவருக்குக் குளோண்டைக்கைவிட ஃபிரீசெல்லே பொருத்தம் என்பது என் அபிப்பிராயம்.

அடுத்தது பின்வாங்கும் வசதி. ஒரு தடவை மட்டும் பின்வாங்க விட்டு, அடுத்ததற்கு விளம்பரக் காணொளி பார்க்கச் சொல்லும் தளங்கள் இருக்கின்றன. அவற்றைத் தவிருங்கள். எத்தனை நகர்வும் பின்னால் போகலாம், வேண்டுமானால் அதே ஆட்டத்தை முதலிலிருந்து தொடங்கலாம் என்றிருக்க வேண்டும். கடிகாரத்தையும் புள்ளியையும் மறைக்கும் தெரிவு இருப்பதும் நல்லது. ஓடும் கடிகாரத்தைப் பார்த்தால் முதியவர்கள் பதற்றப்படுகிறார்கள்.

கண்ணும் கையும் பற்றிய விடயம் இளையவர்களுக்குத் தோன்றாது. 1990 இல் விண்டோஸ் 3.0 உடன் வந்த சொலிடேரை எழுதியவர் மைக்ரோசொஃப்ட்டில் பயிலுநராக இருந்த வெஸ் செரி. கடதாசிகளை வடிவமைத்தவர் சூசன் கேர். மவுஸைப் பிடித்து இழுத்து விடுவதை மக்களுக்குப் பழக்கியது அந்த ஆட்டம்தான் என்று சொல்வார்கள். அன்று பாடமாக இருந்த அந்த இழுத்து விடுதலே இன்று நடுங்கும் விரலுக்குத் தடையாகிவிட்டது. தொடுதிரையில் கடதாசியை இழுத்துக்கொண்டு போகும்போது விரல் கொஞ்சம் தூக்கினாலும் அது திரும்பப் பழைய இடத்துக்கே ஓடிவிடும். ஆகவே, ஒரு தொடுகையிலேயே கடதாசி தானாகப் பொருத்தமான இடத்துக்குப் போகும் தளத்தையே தெரிவு செய்யுங்கள். பெரியப்பா கண்புரைச் சத்திரசிகிச்சை செய்தவர் என்பதால், இலக்கம் மூலையில் பெரிதாக அச்சிடப்பட்ட கடதாசி வடிவத்தைத் தெரிவு செய்யும் வசதியும் தேவைப்பட்டது. கறுப்பையும் சிவப்பையும் மாறி மாறி அடுக்கும் ஆட்டம் என்பதால் நிறங்கள் மங்கலாக இருக்கவே கூடாது. மங்கிய பழுப்பு நிறத்தில் ‘பழங்காலத் தோற்றம்’ என்று அழகு பார்த்திருக்கும் தளங்கள் அவருக்கு உதவவில்லை.

திரையின் அகலமும் கணக்கில் வரும். குளோண்டைக்குக்கு ஏழு நிரல், ஃபிரீசெல்லுக்கு எட்டு, ஸ்பைடருக்குப் பத்து. இரண்டு கட்டுகளைச் சேர்த்து 104 கடதாசிகளோடு ஆடும் ஸ்பைடரைக் கைத்தொலைபேசியில் நிமிர்த்திப் பிடித்து ஆடினால், கடதாசி ஒவ்வொன்றும் தீப்பெட்டிக் குச்சி அளவுக்கு ஒடுங்கிவிடும். டெப்லட்டைப் படுக்கையாக வைத்து ஆடவேண்டும், அல்லது ஸ்பைடரை விட்டுவிட வேண்டும்.

டேட்டா விடயத்தில் எங்கள் பகுதி நிலைமை உங்களுக்கும் தெரிந்திருக்கும். மாரி மழை தொடங்கிவிட்டால் மின்சாரம் போவதும் சிக்னல் விழுவதும் வழக்கம். வீட்டை விட்டு வெளியே போகமுடியாத அந்த நாட்களில்தான் பெரியப்பா அதிகம் விளையாடுவார். இந்த ஆட்டத்துக்குத் தொடர்ச்சியான இணைப்புத் தேவையே இல்லை. பக்கம் ஒருமுறை இறங்கிவிட்டால் கணக்கெல்லாம் கருவிக்குள்ளேயே நடக்கும். டேட்டாவைத் தின்பது பெரும்பாலும் பக்கவாட்டில் மாறிக்கொண்டே இருக்கும் விளம்பரங்கள்தான். தளத்தைத் திறந்து ஓர் ஆட்டத்தைத் தொடங்கிய பின், கருவியை விமானப் பயன்முறையில் போட்டுத் தொடர்ந்து ஆடிப் பாருங்கள். தடையில்லாமல் போனால் நல்லது. அந்த நிலையிலேயே பக்கத்தை மூடித் திறந்தும் பாருங்கள். அப்போதும் திறந்தால், அதுவே உங்கள் தளம்.

பெயர்கள் கேட்பீர்கள். எதையும் தேடி அலையாமல் பழகிப் பார்க்க, கூகுள் தேடலில் இந்த ஆட்டத்தின் பெயரை ஆங்கிலத்தில் தட்டினாலே அங்கேயே ஓர் ஆட்டம் திறக்கும். எளிது என்றால் ஒவ்வொன்றாகவும், கடினம் என்றால் மூன்று மூன்றாகவும் கட்டு திரும்பும். ஆனால் அதில் குளோண்டைக் மட்டுமே உண்டு. பல வகைகளையும் ஆடிப் பார்க்க வேர்ல்ட் ஒஃப் சொலிடேர் என்ற தளத்தை வைத்துக்கொடுத்தேன். கடதாசியின் வடிவத்தையும் பின்னணியையும் மாற்றலாம். மைக்ரோசொஃப்ட்டின் தொகுப்பில் ஐந்து வகைகள் இருக்கின்றன. விளம்பரமில்லாமல் ஆடுவதற்குச் சந்தா கட்ட வேண்டும். வீட்டில் கணினி இருந்தால் இணையதளமே வேண்டாம் என்பேன். பைசொல் எஃப்சி என்ற இலவசத் திறந்த மூல மென்பொருளை ஒருமுறை இறக்கி வைத்தால் ஆயிரத்துக்கும் மேற்பட்ட வகைகள் இணைப்பின்றியே கிடைக்கும். அதன் தோற்றம் பழையதுதான், பெரியப்பாவுக்கு அது பிடிக்கவும் இல்லை, எனக்குப் பிடித்தது.

பணம் கட்டி ஆடினால் பரிசு என்று சொல்லும் தளங்கள், செயலிகள் பக்கம் போகவே வேண்டாம். தனியே ஆடும் ஆட்டத்தில் பணம் நுழைந்தால் அது வேறு தொழில். பதிவு செய்யச் சொல்லி மின்னஞ்சல் கேட்பவற்றிலும், பதிவில்லாமல் ஆட வழி இருக்கிறதா என்று பாருங்கள்.

தெரிவு செய்து முடிந்ததும், உலாவியின் பட்டியலில் உள்ள முகப்புத் திரையில் சேர்க்கும் வசதியைப் பயன்படுத்தி அந்தத் தளத்துக்கு ஒரு சின்னம் வைத்துக் கொடுத்துவிடுங்கள். இல்லாவிட்டால் உங்கள் அப்பா ஒவ்வொரு தடவையும் பெயரைத் தட்டித் தேடுவார், மேலே வரும் விளம்பர இணைப்பை அழுத்துவார், நான் முதலில் விட்ட அதே பிழைக்குள் போய் விழுவார். ஆட்ட எண்களை எழுதி வைக்க ஒரு கொப்பியும் கொடுங்கள். பெரியப்பா நாட்காட்டித் தாளில் எழுதிவிட்டு, மறுநாள் காலையில் அதைக் கிழித்து எறிந்துவிட்டு, எண்ணைக் கேட்டு எனக்குத்தான் அழைப்பெடுப்பார்.