மன்னார்குடியில் கொடைக்கானல் பைன் நிற்குமா?

வணக்கம் நண்பரே. கொடைக்கானலில் வாங்கிய கன்று மன்னார்குடி வீட்டில் நுனி கருகுகிறது, அது பைனா சவுக்கா என்று கேட்டிருந்தீர்கள். நீங்கள் போட்ட படத்தில் ஊசிகள் மூன்று மூன்றாக ஒரே உறையிலிருந்து கிளம்பி நீளமாகத் தொங்குகின்றன. பாட்டுலா பைன்தான், மெக்சிகோ மலை மரம். சவுக்கின் 'ஊசி' இழுத்தால் கணுக்கணுவாகப் பிய்யும். அது ஊசியிலை மரமே இல்லை.

உரம் போட்டுப் பயனில்லை. நம் சித்திரை வெயில் பைனுக்கு ஆகாது, ஐப்பசியில் களிமண்ணில் தண்ணீர் நின்றால் வேரும் அழுகிவிடும். மணல் கலந்த தொட்டியில், காலை வெயில் மட்டும் படும்படி வைத்தால் கொஞ்ச காலம் ஓட்டலாம், அவ்வளவுதான். அந்தத் தோற்றம்தான் வேண்டுமென்றால், நர்சரிகளில் கிறிஸ்துமஸ் மரம் என்று விற்கும் அரக்கேரியாவை மேட்டில் வையுங்கள். பசிபிக் தீவுகளின் மரம், நம் வெக்கையில் பிழைத்துக்கொள்ளும். ஆனால் உயரமாகப் போகும், மின்கம்பிக்கு அடியில் மட்டும் வேண்டாம்.