கெர்ட்டி யாருக்குத் தலையாட்டுகிறது?
வணக்கம் நண்பரே. 1914-இல் அமெரிக்கக் கேலிச்சித்திரக்காரர் வின்சர் மெக்கே வரைந்த அசைவூட்டப் படத்தை மாணவர்களுக்குத் திரையிட்டபோது, அதில் வரும் கெர்ட்டி என்ற டைனோசர் அடிக்கடி நின்று யாருக்கோ தலையாட்டுவது புரியவில்லை என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் பிரதியில் குறையில்லை. இது முதலில் மேடை நிகழ்ச்சியின் பகுதியாகக் காட்டப்பட்டது; கெர்ட்டி தலையாட்டுவது மெக்கேக்குத்தான். அவர் மேடையில் திரைக்கருகே சாட்டையுடன் நின்று கட்டளையிட்டு, ஆப்பிளை வீசுவதுபோல் பாவனை செய்து அதை மறைத்துக்கொள்ள, அதே கணத்தில் திரையில் வரையப்பட்ட ஆப்பிளைக் கெர்ட்டி கவ்வும். இறுதியில் அவரே திரைக்குப் பின்னால் சென்று, சித்திர உருவமாகி அதன் முதுகில் ஏறிப் போவார். என்ன அழகான கற்பனை! திரையரங்குகளுக்காகப் பின்னர் சேர்த்தவையே தொடக்கத்தில் வரும் நடிகர் காட்சிகளும் இடையிடையே வரும் எழுத்து அட்டைகளும். ஆகவே தொடக்கக் காட்சிகளை விட்டுவிட்டு, ஒரு மாணவரைத் திரையருகே நிறுத்தி அட்டைகளிலுள்ள கட்டளைகளை உரக்கச் சொல்லச் செய்யுங்கள். அந்த இடைநிறுத்தங்களின் பொருள் உடனே விளங்கிவிடும்.