நேயர் கடிதங்களை வாசித்த மனிதர்: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் ரேடியோ பற்றிய ஒரு கேள்விக்குப் பதில் சொல்லும்போது, நான் மிகவும் மதிக்கிற ஒலிபரப்பாளர் அயர்லாந்தின் கே பர்ன் என்று ஒரே ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த வரியைப் பிடித்துக்கொண்டு வந்த கேள்விகளே இந்தப் பக்கத்தை நிரப்பிவிட்டன. சந்தோஷம். இந்த முறை முழுக்க அவரைப் பற்றியே பேசிவிடலாம்.

யார் இந்த கே பர்ன்? பெயரே கேள்விப்பட்டதில்லையே. (வாசகர், திண்டுக்கல்)

முழுப்பெயர் கேப்ரியல் மேரி பர்ன். ஆண்பிள்ளைக்கு மேரியா என்று கேட்காதீர்கள், அயர்லாந்துக் கத்தோலிக்கக் குடும்பங்களில் மாதாவின் பெயரை மகன்களுக்கும் நடுப்பெயராக வைப்பதுண்டு. கேப்ரியல் சுருங்கி 'கே' ஆனது. 1934 ஆகஸ்ட் 5 அன்று டப்ளினில் பிறந்தார். அப்பா கின்னஸ் மதுபான ஆலையில் வேலை பார்த்தவர். சிங் ஸ்ட்ரீட் என்ற தெருவில் கிறிஸ்தவ சகோதரர்கள் நடத்திய பள்ளியில் படித்தார். அதே பள்ளியில் இவருக்குச் சில வருடங்கள் முன்னால் படித்த ஏமன் ஆண்ட்ரூஸ், பிபிசியில் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமாகிவிட்டார். நம் தெருப் பையன் ஒருவன் அங்கே போக முடியுமென்றால் நானும் போகலாம் என்ற ஆசை இவருக்கு அங்கிருந்துதான் பிடித்தது.

கொஞ்சகாலம் இன்சூரன்ஸ் கம்பெனியில் இருந்துவிட்டு, 1958-ல் அயர்லாந்து அரசு வானொலியான ரேடியோ ஏரனில் சேர்ந்தார். இங்கிலாந்தின் மான்செஸ்டரில் கிரனாடா தொலைக்காட்சியிலும் வேலை செய்தார். பீட்டில்ஸ் குழுவினர் முதன்முதலில் டிவியில் தோன்றியது அந்த நிறுவனத்தின் நிகழ்ச்சி ஒன்றில்தான், 1962 அக்டோபரில். அவர்களை அறிமுகம் செய்தது இவர்.

இதற்கிடையில் 1961 டிசம்பர் 31 இரவு அயர்லாந்தில் டிவி ஒளிபரப்பு தொடங்கியது. ஏழே மாதத்தில், 1962 ஜூலை 6 அன்று, 'லேட் லேட் ஷோ' என்று ஒரு பேச்சு நிகழ்ச்சி ஆரம்பித்தார்கள். கோடைக்காலத்தில் சில வாரங்களை ஓட்டுவதற்கு ஒரு நிகழ்ச்சி வேண்டும், அவ்வளவுதான் நோக்கம். அதை நடுவில் ஒரு சிறு இடைவெளி தவிர 1999 மே 21 வரை அவர்தான் நடத்தினார். 37 வருடம்! அந்த நிகழ்ச்சி அவருக்குப் பிறகும் வேறு வேறு தொகுப்பாளர்களோடு தொடர்கிறது. இது போதாதென்று 1973 முதல் 1998 வரை வார நாட்களில் காலை வேளையில் ரேடியோவில் நேரலை. வார இறுதி இரவில் டிவியில் பார்த்த மனிதர் திங்கட்கிழமை காலை சமையலறையில் ரேடியோ வழியாகப் பேசுவார். ஒரு நாடே கால் நூற்றாண்டுக்கு இப்படி ஒரே மனிதரோடு வாழ்ந்திருக்கிறது.

டாக் ஷோ நடத்தியவர்தானே, இதில் அப்படி என்ன சாதனை? (வாசகர், தஞ்சாவூர்)

நியாயமான கேள்வி. அந்த நாடு அப்போது எப்படி இருந்தது என்று தெரிந்தால்தான் பதில் பிடிபடும். கருத்தடைச் சாதனங்கள் விற்பது குற்றம். விவாகரத்துக்கு அரசியலமைப்புச் சட்டத்திலேயே தடை, அது நீங்க 1995-ல் பொதுவாக்கெடுப்பு வரவேண்டியிருந்தது. அரசு வேலையில் இருக்கும் பெண் கல்யாணம் செய்துகொண்டால் வேலையை விட்டுவிட வேண்டும் என்ற விதி 1973 வரை இருந்தது. பிஷப் சொன்னால் மந்திரி எழுந்து நிற்பார். வீட்டுக்குள்ளே நடப்பதைப் பற்றி வெளியே யாரும் வாயே திறக்க மாட்டார்கள்.

அப்படிப்பட்ட ஊரில் 1966 பிப்ரவரியில் ஒரு ராத்திரி, லேட் லேட் ஷோவில் கணவன் மனைவிக்கு ஒரு விளையாட்டு வைத்தார். ஒருவரை வெளியே அனுப்பிவிட்டு மற்றவரிடம் கேள்வி கேட்பது, இருவர் பதிலும் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பது. ஒரு பெண்ணிடம், தேனிலவு இரவில் நீங்கள் போட்டிருந்த நைட்டி என்ன நிறம் என்று கேட்டார். அந்தம்மா சிரித்துக்கொண்டே, ஒருவேளை ஒன்றுமே போடவில்லையோ என்னவோ என்றார். அரங்கமே சிரித்தது. ஆனால் மறுநாள் ஞாயிறு காலைத் திருப்பலியில் குளோன்ஃபெர்ட் பிஷப் பிரசங்கத்திலேயே நிகழ்ச்சியைத் திட்டித் தீர்த்தார். பத்திரிகைகளில் அது முதல் பக்கச் செய்தி. உள்ளாட்சி மன்றத்திலும் கண்டனம். பர்ன் வருத்தம் தெரிவிக்க வேண்டியதாயிற்று. ஒரு நைட்டிக்கு!

டிவி வருவதற்கு முன்னால் அயர்லாந்தில் செக்ஸே கிடையாது என்று ஆலிவர் ஃப்ளானகன் என்ற எம்.பி. சொன்னது அந்தக் காலத்தில்தான். அவர் அதை நம்பித்தான் சொன்னார், அதுதான் விஷயம். கோடிக்கணக்கில் ஜனத்தொகை உள்ள தேசமில்லை, அப்போது மொத்தமே முப்பது லட்சத்துக்குக் கீழே. ஒருவர் டிவியில் சொன்னால் மறுநாள் ஊருக்கு ஊர் அதே பேச்சு.

நிகழ்ச்சியின் தயாரிப்பாளரும் அவரேதான், இதை மறக்கக்கூடாது. யாரைக் கூப்பிடுவது, எந்த வரிசையில், எப்போது முடிப்பது என்று எல்லாமே அவர் கையில். இன்றைக்கு யார் வருகிறார் என்று முன்கூட்டியே அறிவிக்க மாட்டார். ஒரு பாடகருக்கு அடுத்து கன்னியாஸ்திரி வரலாம், அவருக்கு அடுத்து அமைச்சர் வரலாம். பிடிக்கவில்லை என்று டிவியை அணைத்தால் அடுத்து வருவதை இழந்துவிடுவோமே என்று ஜனங்கள் உட்கார்ந்தே இருப்பார்கள்.

நீங்கள் அவரை மதிப்பதற்கு ஒரே ஒரு காரணம் சொல்லுங்கள் என்றால் எதைச் சொல்வீர்கள்? (வாசகி, நாகர்கோவில்)

1984 பிப்ரவரி 23. அந்த ஒரு காலை நேர ரேடியோ நிகழ்ச்சி. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்த ஜனவரி 31 அன்று, லாங்ஃபோர்ட் மாவட்டத்தில் கிரானார்ட் என்ற சிற்றூரில், பதினைந்து வயதுப் பள்ளிச் சிறுமி ஒருத்தி கோயிலுக்குப் பக்கத்தில் இருக்கும் மாதா கெபிக்கு (மாதா சிலை வைத்த குகை மாதிரியான இடம்) தனியாகப் போனாள். அங்கேயே, குளிரில், ஆள் துணையில்லாமல் பிரசவித்தாள். குழந்தை இறந்தது. சில மணி நேரத்தில் அவளும் இறந்துபோனாள். ஊர் வாயை மூடிக்கொண்டது. நான்கைந்து நாளில் ஒரு ஞாயிறு பத்திரிகைக்குத் தகவல் கிடைத்து முதல் பக்கத்தில் போட்டார்கள்.

அந்தப் பத்திரிகையின் முதல் பதிப்பு சனி இரவே லேட் லேட் ஷோ அரங்குக்கு வந்துவிட்டது. நேரலையில் பர்ன் அதைக் கையில் எடுத்து, தலைப்பை வாசித்து, இதில் அப்படியொன்றும் சுவாரசியமில்லை என்கிற மாதிரி ஏதோ சொல்லிவிட்டுத் தூக்கிப் போட்டார். ஆமாம், நான் மதிக்கிற அதே மனிதர்தான். இதை மறைத்துவிட்டு மீதியைச் சொன்னால் அது பொய்யாகிவிடும்.

அப்புறம் கடிதங்கள் வர ஆரம்பித்தன. அவருடைய காலை நிகழ்ச்சிக்கு, டப்ளினுக்கு, நாடு முழுவதிலிருந்தும். எழுதியவர்களில் பெரும்பாலோர் பெண்கள். எனக்கும் இப்படித்தான் நடந்தது என்று எழுதினார்கள். முப்பது, நாற்பது வருடம் யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்தது. வீட்டில் தெரியாமல் வயிற்றை இறுக்கிக் கட்டிக்கொண்டு நடந்தது, தனியாகப் பெற்றது, பெற்ற பிள்ளையைப் பறிகொடுத்தது. கல்யாணமாகி, பேரன் பேத்தி எடுத்த பிறகும் புருஷனிடம்கூடச் சொல்லாதது.

இந்த மாதிரி ஒரு குவியல் மேஜைமேல் கிடக்கும்போது ஒரு தொகுப்பாளர் என்ன செய்வார்? இரண்டு கடிதம் வாசிப்பார். ஒரு டாக்டரையும் ஒரு பாதிரியாரையும் கூப்பிட்டு உட்காரவைப்பார். நடுவில் ஒரு பாட்டு, கடைசியில் தானே நாலு வார்த்தை உருக்கமாகப் பேசுவார். பர்ன் இதில் எதையும் செய்யவில்லை. அவரும் நிகழ்ச்சியில் கூட வேலை செய்தவர்களுமாகக் கடிதங்களை எடுத்து ஒன்றன்பின் ஒன்றாக வாசித்தார்கள். கிட்டத்தட்ட முழு நேரமும் வாசிப்பு மட்டும்தான். விளக்கம் இல்லை, தீர்ப்பு இல்லை. பாத்திரம் துலக்கிக்கொண்டும் இஸ்திரி போட்டுக்கொண்டும் ரேடியோ கேட்ட எத்தனை பெண்கள் அன்றைக்குக் கையிலிருந்த வேலையை அப்படியே நிறுத்தியிருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். தன் கதையே வேறொருத்தியின் கடிதமாக வருகிறது.

மூன்று வாரத்துக்கு முன்னால் பத்திரிகையைத் தூக்கிப் போட்டவரை நேயர் கடிதங்கள் திருப்பி உட்காரவைத்துவிட்டன. திரும்பி உட்கார்ந்தாரே, அதற்காகத்தான் அவரை மதிக்கிறேன். தன் குரலைவிட அந்தக் கடிதங்கள் பெரியவை என்று அவருக்குத் தெரிந்தது, வழிவிட்டார்.

எல்லாரையும் நடுநிலையோடு பேட்டி எடுத்தாரா? அவர் சறுக்கியதே இல்லையா? (வாசகர், ஈரோடு)

சறுக்கியிருக்கிறார். 1993 ஏப்ரலில் ஆனி மர்ஃபி என்ற அமெரிக்கப் பெண்மணியைப் பேட்டி எடுத்தது எனக்கு இன்றும் உறுத்துகிறது. கால்வே பிஷப் ஏமன் கேஸிக்கும் இவருக்கும் ஒரு மகன் உண்டு என்பது முந்தைய வருடம் வெளியே வந்து நாட்டையே உலுக்கியிருந்தது. கேஸி சாதாரண ஆளில்லை, ஜனங்களுக்குப் பிடித்த பிஷப். பர்ன் நிகழ்ச்சிக்கே வந்து ஜாலியாகப் பேசிவிட்டுப் போனவர். ஆக பர்னுக்குத் தெரிந்தவர். அது பேட்டி முழுக்கத் தெரிந்தது. கேள்விகள் விசாரணை மாதிரி இருந்தன. முடிக்கும்போது, உங்கள் மகன் அவன் அப்பாவில் பாதியளவு நல்ல மனிதனாக இருந்தாலே போதும் என்கிற பொருளில் சொன்னார். அந்தம்மா ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. நானும் அப்படியொன்றும் மோசமில்லை, மிஸ்டர் பர்ன், என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார்.

ஒன்பது வருடத்துக்கு முன் அத்தனை பெண்களின் கடிதத்துக்கு வழிவிட்டவர், ஒரு பெண் நேரில் வந்து உட்கார்ந்தபோது அதைச் செய்யவில்லை. அவரும் அந்தச் சமூகத்தில் வளர்ந்த கத்தோலிக்கப் பையன்தானே என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். நான் சொல்லிக்கொள்ளவில்லை.

லண்டன் போய் இன்னும் பெரிய ஆளாகியிருக்கலாமே? (வாசகி, மதுரை)

போனவர்கள் இருக்கிறார்கள். லிமரிக் ஊர்க்காரர் டெர்ரி வோகனும் ரேடியோ ஏரனில் தொடங்கியவர்தான். பிபிசி ரேடியோ 2-ல் காலை நிகழ்ச்சி நடத்தி, பிரிட்டனே கொண்டாடும் குரலானார், 'சர்' பட்டமும் வந்தது. பர்ன் அறுபதுகளில் இரண்டு கரைக்கும் விமானத்தில் போய்வந்துகொண்டிருந்தார், கடைசியில் டப்ளின் போதும் என்று முடிவெடுத்தார். வோகன் லட்சக்கணக்கானவர்களைச் சிரிக்கவைத்தார், அதுவும் பெரிய கலை, குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் கிரானார்ட் கடிதங்கள் லண்டனுக்குப் போயிருக்காது. தன் ஊரிலேயே இருந்தவருக்குத்தான் அவை வரும்.

நல்ல பணம் சம்பாதித்திருப்பாரே? (வாசகர், திருப்பூர்)

சம்பாதித்தார், இழந்தார். சேமிப்பையெல்லாம் நம்பிக் கொடுத்திருந்த கணக்காளர், நெருங்கிய நண்பர், 1984-ல் இறந்துபோன பிறகுதான் பணம் இல்லை என்பதே தெரிந்தது. ஐம்பது வயதில் திரும்ப ஒன்றிலிருந்து தொடங்கினார்.

நான் ஒரு பண்பலையில் ஆர்ஜே. அவரிடமிருந்து எனக்கு ஏதாவது கிடைக்குமா? (வாசகி, கோயம்புத்தூர்)

கிடைக்கும் தங்கையே. யூட்யூபில் பழைய துண்டுகள் இருக்கின்றன, பாருங்கள். கேள்வி கேட்டுவிட்டு அவர் எவ்வளவு நேரம் சும்மா இருக்கிறார் என்று கவனியுங்கள். 1999 ஜனவரியில் பாட்ரிக் ஃப்ளின் என்ற ஐரோப்பிய ஒன்றியத்தின் ஆணையர் வந்தார். பர்ன் மடக்கவே இல்லை. பேசவிட்டார். அந்த மனிதர் தனக்கு மூன்று வீடு இருப்பதையும் அதையெல்லாம் பராமரிப்பது எவ்வளவு சிரமம் என்பதையும் தானாகவே சொல்லிக்கொண்டு போனார். தனக்குப் பணம் கொடுத்ததாகச் சொன்ன ஒருவரைப் பற்றியும் இளக்காரமாகப் பேசினார். அந்த ஒருவர் வீட்டில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்! கொதித்துப்போய் மேலும் விவரங்களை வெளியே சொல்ல, ஃப்ளினுடைய அரசியல் வாழ்க்கையே முடிந்தது. கத்திக் கேட்டிருந்தால் ஃப்ளின் உஷாராகியிருப்பார். நமக்கு இரண்டு விநாடி அமைதி வந்தாலே பதற்றமாகி ஒரு ஜிங்கிளைப் போட்டுவிடுகிறோம்.

கடைசிக் காலம் எப்படி இருந்தது? (வாசகர், புதுச்சேரி)

1999-ல் கடைசி லேட் லேட் ஷோவில் யூ2 என்ற ராக் இசைக் குழுவின் போனோவும் லாரி மல்லனும் ஒரு ஹார்லி டேவிட்சன் பைக்கைக் கொண்டுவந்து பரிசாகக் கொடுத்தார்கள். 2006-ல் அரசு அவரைச் சாலைப் பாதுகாப்பு ஆணையத்தின் தலைவராக்கியது. 2011-ல் ஜனாதிபதித் தேர்தலில் நில்லுங்கள் என்று கேட்டார்கள், யோசித்துவிட்டு வேண்டாம் என்றார்.

எண்பது வயதிலும் ஒரு கேள்வியால் நாட்டைக் கிளப்பிவிட்டார். 2015-ல் ஒளிபரப்பான பேட்டியில் நடிகர் ஸ்டீபன் ஃப்ரையிடம், செத்தபின் கடவுளைப் பார்த்தால் என்ன சொல்வீர்கள் என்று கேட்க, குழந்தைகளுக்கு எலும்புப் புற்றுநோய் எதற்கு என்று கேட்பேன் என ஆரம்பித்துப் பொரிந்து தள்ளினார் ஃப்ரை. பர்ன் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும்! ஆனால் குறுக்கே பேசவில்லை, முடிக்கவிட்டார். தெய்வ நிந்தனை என்று யாரோ புகார் கொடுத்து போலீஸ் விசாரணை வரை போய்க் கைவிடப்பட்டது. 2018-ல் பொதுவாக்கெடுப்பு நடத்தி அந்தக் குற்றத்தையே அரசியலமைப்பிலிருந்து எடுத்துவிட்டார்கள்.

அதற்கு முன், 2016 நவம்பரில், லிரிக் எஃப்.எம் என்ற வானொலியில் அவர் நடத்திவந்த ஞாயிறு ஜாஸ் நிகழ்ச்சியின்போது நேயர்களிடம் ஒரு விஷயம் சொன்னார். நாளை ஆஸ்பத்திரிக்குப் போகிறேன், புராஸ்டேட்டில் புற்றுநோய் இருக்கும் போலிருக்கிறது, கீழ் முதுகுக்கும் பரவியிருக்கலாம் என்கிறார்கள், என்று சாதாரணமாக. அறிக்கை விடவில்லை, பத்திரிகைக்காரர்களைக் கூப்பிடவில்லை. கேட்டுக்கொண்டிருந்தவர்களிடம் மைக்கில் நேரே சொன்னார். மூன்று வருடம் கழித்து, 2019 நவம்பர் 4 அன்று, தன் 85-வது வயதில், ஹவுத் என்ற கடலோர ஊரில் இருந்த வீட்டில் காலமானார்.