செருப்புத் தைத்த வக்கீல்

கேள்வி: அமெரிக்கா என்றாலே வாஷிங்டன், ஜெபர்சன் என்று அதே பெயர்கள்தானா? வக்கீலாக இருந்து சட்டசபைக்குப் போன, அதிகம் பேசப்படாத ஒருவரைச் சொல்லுங்களேன். (தஞ்சாவூர் வாசகர்)

பதில்: ரோஜர் ஷெர்மன். 1721-ல் மாசசூசெட்ஸில் பிறந்தார். அப்பா விவசாயி, செருப்பும் தைப்பார். மகனும் அதையே கற்றார். 1743-ல் கனெக்டிகட்டுக்குக் குடிபெயர்ந்து நிலம் அளந்தார், கடை வைத்தார், பஞ்சாங்கம் கணித்து அச்சிட்டார். சட்டத்தைத் தானே படித்து 1754-ல் வக்கீல், மறு வருஷமே சட்டசபை உறுப்பினர். கல்லூரி வாசலை மிதிக்காத இந்த மனிதர் பின்னாளில் யேல் கல்லூரிக்குப் பொருளாளர்!

கேள்வி: வக்கீல் என்றால் பேச்சில் புலியாக இருந்திருப்பாரே? (அதே வாசகர்)

பதில்: அதுதான் இல்லை. பின்னாளில் ஜனாதிபதியான ஜான் ஆடம்ஸ் 1775-ல் தம் டைரியில் இவர் நிற்கும் அழகை எழுதி வைத்திருக்கிறார்: இடது கையை முஷ்டியாக மூடி, அதன் மணிக்கட்டை வலது கையால் பிடித்துக்கொண்டு, விறைப்பாக. நளினத்துக்கு நேர் எதிர் என்பது ஆடம்ஸின் தீர்ப்பு. ஆனாலும் ஆள் விடமாட்டார். அமெரிக்க அரசியல் சாசனத்தை எழுதக் கூடிய 1787 பிலடெல்பியா மாநாட்டில் நூறு தடவைக்கு மேல் எழுந்து பேசினார்.

அங்கே பெரிய தகராறு பிரதிநிதித்துவம்தான். 1790 கணக்குப்படி வர்ஜீனியாவில் சுமார் ஏழரை லட்சம் பேர், டெலவேரில் 60,000கூட இல்லை. கீழவையில் மக்கள்தொகைப்படி இடம், மேலவையில் எல்லா மாநிலத்துக்கும் சமம் என்றார் ஷெர்மன். ஜூன் 11-ல் தோற்றது. ஜூலை 16-ல் அதே ஏற்பாடு, மாநிலத்துக்கு ஒரு ஓட்டு என்ற கணக்கில், ஐந்துக்கு நான்கு என்று தப்பிப் பிழைத்தது. இன்றும் செனட்டில் மாநிலத்துக்கு இரண்டு பேர் இருப்பது அதனால்தான். இதே சமரச புத்திதான் இன்னொரு இடத்தில் உறுத்துகிறது. அடிமை வியாபாரம் பிடிக்கவில்லை என்றவர், தெற்கு மாநிலங்கள் விலகிவிடக் கூடாதென்று அதை இருந்தபடியே விட்டுவிடச் சொன்னார். இதற்கு நான் வக்காலத்து வாங்கமாட்டேன்.

கேள்வி: உரிமைகள் சாசனத்தையே அவர் எதிர்த்தாராமே? (கோவை வாசகர்)

பதில்: தேவையில்லை என்றார், உண்மை. குடிமக்களின் உரிமைகளைப் பட்டியலிடும் திருத்தங்கள்தான் அந்தச் சாசனம். 1789-ல் அவற்றைக் கொண்டுவந்த ஜேம்ஸ் மாடிசன் அந்தத் திருத்தங்களை அரசியல் சாசனத்தின் உள்ளேயே ஆங்காங்கே செருக நினைத்தார். பித்தளையையும் இரும்பையும் களிமண்ணையும் கலக்க முடியுமா என்று கேட்டார் ஷெர்மன். மூலத்தைத் தொடாதீர்கள், கடைசியில் சேருங்கள் என்றார். முதலில் சபை கேட்கவில்லை. சில நாளில் அவர் வழிக்கே வந்தது. ‘முதல் திருத்தம்’, ‘ஐந்தாம் திருத்தம்’ என்று அமெரிக்கர்கள் எண் போட்டுச் சொல்கிறார்களே, வேண்டாம் என்றவர் போட்டுக் கொடுத்த வரிசை அது! பிரிட்டிஷ் சரக்கைப் புறக்கணிக்கும் 1774 கூட்டமைப்பு ஒப்பந்தம், சுதந்திரப் பிரகடனம், அரசியல் சாசனத்துக்கு முன்பு இருந்த கூட்டாட்சி விதிகள், அரசியல் சாசனம் நான்கிலும் கையெழுத்திட்டவர் இவர் ஒருவரே. 1793-ல் இறக்கும்போது செனட்டராகவும் நியூ ஹேவன் மேயராகவும் ஒருசேர இருந்தார்.