வாசகர் கேள்வி – பதில்: ஊமைப்பட காலத்து ரெட் விங்

கேள்வி: ஹாலிவுட்டின் தொடக்ககாலக் கௌபாய் படம் ஒன்றில் நாயகனின் உயிரைக் காப்பாற்றி, அவனுக்கு ஒரு மகனையும் பெற்றுத் தந்து, கடைசியில் தன் உயிரை மாய்த்துக்கொள்ளும் செவ்விந்தியப் பெண் ஒருத்தி வருகிறாள். அந்த வேடத்தில் நடித்தவர் யார்? அவர் உண்மையிலேயே அந்த இனத்தவரா, அல்லது எல்லாம் ஒப்பனைதானா?

பதில்: தாங்கள் குறிப்பிடும் படம் 1914 பிப்ரவரியில் வெளியான 'தி ஸ்குவா மேன்'. செசில் பி. டிமில், ஆஸ்கர் ஆப்ஃபெல் ஆகிய இருவரும் இயக்கிய அந்தப் படமே ஹாலிவுட்டில் எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் படம் என்று திரை வரலாற்றில் இடம்பெற்றிருக்கிறது. நாயகன் டஸ்டின் ஃபார்னம். நாட்-யு-ரிச் என்ற அந்தப் பெண்ணாக நடித்தவர் ரெட் விங். அவருடைய இயற்பெயர் லிலியன் செயின்ட் சைர். ஒப்பனை அன்று, அவர் நெப்ராஸ்காவில் உள்ள வின்னபேகோ ஒதுக்கீட்டு நிலப்பகுதியில் (பூர்வகுடிகளுக்கென அரசு ஒதுக்கிய நிலம்) 1884 பிப்ரவரி 13 அன்று பிறந்த, வின்னபேகோ என்றும் அழைக்கப்படும் ஹோ-சங்க் இனப் பெண். ('செவ்விந்தியர்' என்பது நம்முடைய பழைய மொழிபெயர்ப்புகள் பழக்கிவிட்ட சொல். அந்த மக்களைப் பூர்வகுடிகள் என்று எழுதுவதையே நான் விரும்புகிறேன்.)

அவர் திரைக்கு வந்த வழியைத் தெரிந்துகொண்டால்தான் அந்த நடிப்பின் அருமை விளங்கும். சிறுமியாக அவர் பென்சில்வேனியாவில் இருந்த கார்லைல் பூர்வகுடித் தொழிற்பள்ளிக்கு அனுப்பப்பட்டார். கைவிடப்பட்ட இராணுவப் பாசறை ஒன்றில் 1879-இல் ரிச்சர்ட் ஹென்றி பிராட் தொடங்கிய அந்த உறைவிடப் பள்ளியில், சேர்ந்த உடனே பிள்ளைகளின் தலைமுடியைக் கத்தரித்தார்கள், தாய்மொழியில் பேசுவதைத் தடுத்தார்கள், வெள்ளையர் வீடுகளுக்கு வேலைக்கும் அனுப்பினார்கள். 'இந்தியனைக் கொல், மனிதனைக் காப்பாற்று' (இந்தியன் என்று அவர் சொன்னது பூர்வகுடியை) என்பதே 1892-இல் பிராட் வெளிப்படையாகச் சொன்ன கொள்கை. லிலியன் 1902-இல் அங்கே படிப்பை முடித்தார். 1906-இல் ஜேம்ஸ் யங் டியர் என்ற கலைஞரை மணந்தார். பிறந்த இனத்தின் அடையாளங்கள் அனைத்தையும் மறக்கும்படி பயிற்றப்பட்ட ஒரு பெண், அதே அடையாளங்களை அணிந்து காட்டுவதையே பிழைப்பாகக் கொள்ள நேர்ந்தது என்பதை எண்ணும்போதெல்லாம் என் மனம் கனக்கிறது.

அன்றைய சினிமாவுக்கு அவர் தேவைப்பட்டார். 1909-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பூர்வகுடி வேடங்களில் பெரும்பாலும் வெள்ளையர்களே முகத்தில் நிறம் பூசிக்கொண்டு நடித்தார்கள். திரைத்துறை இதழ்கள் அந்தப் பொய்மையைக் கண்டித்தன. 1911-இல் பூர்வகுடிப் பிரதிநிதிகள் தங்களைப் பற்றிய சித்திரிப்புகளைக் குறித்து வாஷிங்டனுக்கே சென்று முறையிட்டார்கள். மெய்யான பூர்வகுடிகள் நடித்த படங்கள் என்று விளம்பரம் செய்வது நிறுவனங்களுக்கு வணிகத்திலும் உதவியது. இந்தச் சூழலில் லிலியனும் அவர் கணவரும் பைசன் என்ற படத்தயாரிப்பு நிறுவனத்தில் சேர்ந்து, 1909-இன் இறுதியில் லாஸ் ஏஞ்சல்ஸின் ஈடன்டேல் பகுதிக்குச் சென்றார்கள். பின்னர் பதே என்ற மற்றொரு படநிறுவனத்தின் மேற்குக் கரைப் படப்பிடிப்புகளுக்கு யங் டியர் பொறுப்பேற்றார். லிலியன் ஒன்றிரண்டு ரீல் படங்களில் இடைவிடாமல் நடித்தார். அவர் நடித்தவை 70-க்கும் மேல். சில ஆண்டுகளில் கணவனும் மனைவியும் பிரிந்தனர்.

'தி ஸ்குவா மேன்' படத்தை மீண்டும் பார்க்க வாய்த்தால், மற்றவர்கள் கைகளை வீசி, கண்களை உருட்டி நடிக்கும் காட்சிகளில் அவர் எவ்வளவு அடக்கமாக நிற்கிறார் என்பதைக் கவனியுங்கள். இங்கிலாந்துப் பிரபுக் குடும்பத்துக்கு வாரிசு என்பதற்காகத் தன் மகனைத் தன்னிடமிருந்து பிரித்து அனுப்ப முடிவெடுக்கிறார்கள் என்று அறிந்த தாயின் துயரம், பெரிய அசைவு எதுவுமின்றி, அந்த முகத்திலேயே தெரிகிறது. திரைப்பட அகராதிகள் அவரைத் துணை நடிகை என்ற வரிசையில் வைத்தாலும், என் கணிப்பில் அந்தப் படத்தின் சுமை முழுவதையும் தாங்குபவர் அவரே.

கேள்வி: அவரைச் சில இடங்களில் 'பிரின்சஸ் ரெட் விங்' என்று குறிப்பிடுகிறார்களே, அவர் இளவரசியா?

பதில்: இல்லை. விளம்பரத்துக்காக ஒட்டப்பட்ட பட்டம் அது. அந்தக் காலத்து மேடைகளிலும் படங்களிலும் பூர்வகுடிப் பெண் தோன்றினாலே அவளை இளவரசி ஆக்கிவிடுவது வழக்கம். 'தி ஸ்குவா மேன்' என்ற தலைப்பில் உள்ள 'ஸ்குவா' என்ற சொல் அதற்கு நேர் எதிரானது. பூர்வகுடிப் பெண்களை இழிவுபடுத்தும் வசைச்சொல். அமெரிக்க உள்துறை அமைச்சகம் 2022-இல் ஏறத்தாழ 650 மலைகள், ஓடைகள் முதலிய இடங்களின் பெயர்களிலிருந்து அதை நீக்கியது. ஒரே நடிகைக்குச் சுவரொட்டியில் அந்தப் பட்டமும் கதையில் இந்த வசையும் கிடைத்தன.

கேள்வி: அவ்வளவு பெயர் பெற்றவர் அதன் பிறகு ஏன் முன்னணிக்கு வரவில்லை? பிற்காலத்தில் என்ன செய்தார்?

பதில்: அவர் திறமையில் குறை இருந்ததாக நான் கருதவில்லை. 1914-இல் கௌபாய் நடிகர் டாம் மிக்ஸுடன் 'இன் த டேஸ் ஆஃப் த தண்டரிங் ஹெர்ட்' படத்தில் நடித்தார். 1916-இல் வெளியான 'ரமோனா'வில் நாயகிக்குத் தாயாக நடித்தார். ஆனால் அந்தக் கதைகளின் அமைப்பே அவருக்கு எதிராக இருந்தது. வெள்ளை நாயகனை நேசிக்கும் பூர்வகுடிப் பெண் அவனுக்காகத் தியாகம் செய்ய வேண்டும், பிறகு அவன் தன் சமூகத்துக்குத் திரும்புவதற்கு வழிவிட்டு இறந்துவிட வேண்டும். அத்தகைய வாய்ப்பாட்டில் ஒரு நடிகை எத்தனை முறை சிறப்பாக இறந்தாலும் நட்சத்திரமாக முடியாது. முழுநீளப் படங்களின் செலவு பெருகி, நட்சத்திரங்களின் பெயரை வைத்தே படங்கள் விற்கத் தொடங்கியதும், மெய்யான பூர்வகுடிக்கான தேவையும் குறைந்தது. டிமில் இதே கதையை மேலும் இருமுறை எடுத்தார். 1918-இல் அந்த வேடத்தை ஆன் லிட்டில் என்ற வெள்ளை நடிகைக்கும், 1931-இல் மெக்சிகோவில் பிறந்த லூப்பே வெலஸுக்கும் கொடுத்தார். முதற்படத்தில் லிலியனைத் தேர்ந்தெடுத்த அதே இயக்குநர் செய்தது இது என்பதால், இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தோன்றவில்லை.

திரையை விட்டு விலகிய பின் அவர் மேடை நிகழ்ச்சிகளில் தோன்றினார்; பிறகு நியூயார்க் நகரில் குடியேறி, பூர்வகுடி மரபுடைகளையும் மணிவேலைப் பொருள்களையும் தைத்து வாழ்ந்தார்; தம் மக்களின் பண்பாட்டைப் பற்றிப் பள்ளிகளில் பேசினார். கார்லைல் பள்ளி அவரிடமிருந்து பறிக்க முயன்றதைத் தம் கைகளாலேயே மீண்டும் தைத்தெடுத்த இந்த நீண்ட காலத்தைத் திரை வரலாற்று நூல்கள் ஒரு வரியில் கடந்துவிடுவது எனக்கு வருத்தமளிக்கிறது. நடித்த ஆண்டுகளைவிட இந்த ஆண்டுகள் பல மடங்கு அதிகம். 1974 மார்ச் 13 அன்று, 90-ஆம் வயதில், அவர் காலமானார்.

கேள்வி: அவருடைய படங்கள் இன்று கிடைக்குமா?

பதில்: 'தி ஸ்குவா மேன்' கிடைக்கிறது, காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டதால் எவரும் பார்க்கலாம். டாம் மிக்ஸுடன் நடித்த படமும் பிழைத்திருக்கிறது. 'ரமோனா' பெரும்பகுதி அழிந்துபோனது. அமெரிக்க ஊமைக்கால முழுநீளப் படங்களில் சுமார் 70 விழுக்காடு முற்றிலும் அழிந்துவிட்டன என்று அந்நாட்டு நாடாளுமன்றத்தின் நூலகமான காங்கிரஸ் நூலகம் 2013-இல் வெளியிட்ட ஆய்வு கூறுகிறது. அவருடைய தொடக்ககாலக் குறும்படங்களில் நடிகர் பெயர்களைத் திரையில் காட்டும் வழக்கமே இல்லாததால், எஞ்சியிருக்கும் பழைய படச்சுருள்களில் அவருடைய முகத்தைத் தெரிந்தவர்கள்தாம் அவரை அடையாளம் காண முடியும்.